வயிற்றுக்கு லீவு

முழுகாமல் இருக்கும் பெண்ணுக்குப் பத்துப் பன்னிரண்டு கிலோ ஏறுவது சகஜம் என்கிறார்கள் டாக்டர்கள். பிறக்கப்போவதோ 3 கிலோ. மீதியை யார் கணக்கில் எழுதுவது?

எடை மெஷினில் நின்றபடியே நர்ஸம்மாவிடம் கேட்டேன். அவர் விரலை மடக்கத் தொடங்கினார். "நஞ்சு அரை கிலோவுக்கு மேல. பனிக்குடத் தண்ணி கிட்டத்தட்ட ஒரு கிலோ. கர்ப்பப்பை பெரிசாகுதுல்ல, அது ஒரு கிலோ. கூடுன ரத்தம் ஒண்ணரை கிலோ." என் எடைக்கு இத்தனை பேர் பொறுப்பேற்பார்கள் என்று தெரிந்திருந்தால் முதல் மாதமே தைரியமாக ஏறி நின்றிருப்பேன். "மிச்சம்?" என்றேன். என்னை ஏற இறங்கப் பார்த்தார். "மிச்சம், வளைகாப்புல சாப்பிட்ட கலவை சாதம்."

வயிற்றில் இருப்பது ஆணா பெண்ணா என்று சொல்வது 1994-ஆம் வருஷச் சட்டப்படி குற்றம். ஸ்கேன் சென்டர் சுவரில் கொட்டை எழுத்தில் எழுதியிருக்கிறது. எங்கள் தெருவில் அந்தச் சட்டம் செல்லாது. "வயிறு கூம்பியிருக்கு, பையன்தான்" என்று எதிர்வீட்டுப் பாட்டி தீர்ப்பு சொன்னால், பக்கத்து வீட்டு அத்தை அப்பீலுக்குப் போவார்: "இல்லைங்க, இவ மொகத்துல களை போயிருச்சு பாருங்க. பொண்ணு அழகை வாங்கிக்கிட்டா." என்னிடம் வாங்குகிற அளவுக்கு அழகு இருந்ததாக அவர் ஒப்புக்கொண்டது அன்றுதான்.

எட்டாம் மாதம் பாதம் வீங்கி, மெட்டி விரலோடு இறுகிக்கொண்டது. என் காலை நான் பார்த்தே நாளாகியிருந்ததால் வீட்டுக்காரர் தேங்காய் எண்ணெயோடு தரையில் உட்கார்ந்தார். மேலே எனக்கு நேரடி வர்ணனை வந்தது: "வருது... வருது... இல்ல, விரல்தான் வருது."

கழுத்து கறுத்தது. தொப்புளுக்குக் கீழே யாரோ ஸ்கேல் வைத்துக் கோடு கிழித்த மாதிரி ஒரு கறுப்புக் கோடு இறங்கியது. ராத்திரி புரண்டு படுக்கவே பிரயத்தனப்பட வேண்டியிருந்தபோது, இது என் உடம்புதானா என்று அழுகை வந்ததும் உண்டு. பகலில் அதே வயிற்றை முன்னால் அனுப்பிவிட்டு மகாராணி மாதிரி பின்னால் நடந்ததும் உண்டு. காரணம் சொல்கிறேன். வயசுக்கு வந்த நாளிலிருந்து நான் வயிற்றை எக்கியே வாழ்ந்தவள். சேலைக் கொசுவம் செருக ஒரு எக்கு, குரூப் போட்டோவுக்கு ஒரு எக்கு. பெண் பார்க்க வந்த அன்று எக்கிய எக்கில் பஜ்ஜிகூட உள்ளே இறங்கவில்லை. தள்ளிக்கொண்டு நிற்கும் வயிற்றைப் பார்த்து, "குறைச்சுக்கோ" என்று சொல்லாமல், "இன்னொரு தோசை வைக்கட்டுமா?" என்று ஊரே கேட்டது அந்தச் சில மாதங்கள்தான்.

பிள்ளை பெற்று வீடு வந்தேன். குழந்தைக்குத் தொப்புள்கொடிகூட இன்னும் விழவில்லை. அம்மா பழைய நூல் சேலையை நீளமாக மடித்து எடுத்துவந்தார்.

"வயித்தைக் கட்டாம விட்டா தொப்பை போட்டுரும். மூச்சை இழுடி!"

2017-இல் திருத்திய சட்டப்படி ஆபீசில் எனக்கு 26 வாரம் லீவு. என் வயிற்றுக்கு ஒரு வாரம்கூடக் கிடைக்கவில்லை.