ஒரு நாள் பழங்குடி (மதியச் சாப்பாடு உட்பட)

சனிக்கிழமை விடியற்காலை வேன் ஏறினால் ராத்திரிக்குள் பழங்குடிப் பண்பாடு முழுவதையும் கரைத்துக் குடித்துவிட்டுத் திரும்பலாம். மலையில் தலைமுறை தலைமுறையாகப் பட்டுத் தெரிந்துகொண்டதைச் சாப்பாட்டுக்கு முன்னால் பாதி, பின்னால் பாதி என்று பிரித்து ஊட்டிவிடுகிறார்கள். ஜவ்வாது மலைக்கு ஆள் கூட்டிப்போகும் வேன்களின் நிரல் பெரும்பாலும் ஒன்றுதான். ஜமுனாமரத்தூரில் டிபன், கோலப்பன் ஏரியில் படகு, பீமன் அருவியில் குளியல், ஏதாவது ஒரு மலைக் கிராமத்தில் சாமைச் சோறு, சாயங்காலம் ஆட்டம், இருட்டியதும் காவலூரில் நட்சத்திரம். நடுவில் அரை மணி நேரம் ‘மண்ணின் மைந்தர்களோடு உரையாடல்’. மண்ணின் மைந்தர்கள் அந்த நேரம் பார்த்துக் கொல்லைக்குக் கிளம்பிவிடாமல் இருக்க முன்கூட்டியே சொல்லி வைத்திருப்பார்கள்.

வேனை விட்டு இறங்கியதும் விருந்தினருக்கு ஓர் ஏமாற்றம் காத்திருக்கிறது. இங்கே வாழ்பவர்கள் மலையாளிப் பழங்குடியினர். கேரளத்துக்கும் இவர்களுக்கும் சம்பந்தமில்லை, பேசுவது தமிழ், காஞ்சிபுரத்துப் பக்கமிருந்து மலையேறி வந்தவர்கள் நாங்கள் என்று வழிவழியாகச் சொல்லிவருகிறார்கள். லுங்கி, டீ ஷர்ட், கையில் செல்போன். இவரைப் பார்க்கவா இவ்வளவு தூரம் வந்தோம் என்று வந்தவர் முகம் சுருங்குகிறது. காசு கொடுத்தவர் கண்ணுக்குப் பழங்குடி பழங்குடியாகத் தெரிய வேண்டாமா? வழிகாட்டி விவரமானவர். பெரியவரைச் சட்டையில்லாமல் வரச்சொல்லி, பிளாஸ்டிக் குடத்தை உள்ளே தள்ளி, மூலையில் கிடந்த உரலை வாசலுக்கு உருட்டிவிடுகிறார்.

பிறகு சாமை குத்தும் படலம். சாமையின் உமி லேசில் விடாது. குத்தி, புடைத்து, மறுபடி குத்தி, மறுபடி புடைத்தால்தான் அரிசி கண்ணில் படும். இதில் பெண்களின் தோள்பட்டை தேய்ந்ததுதான் மிச்சம் என்பதால் பலரும் மூட்டையோடு மில்லுக்கு அனுப்ப ஆரம்பித்து வெகுகாலம் ஆயிற்று. ஆனால் மில்லில் வீடியோ நன்றாக வராது. ஆகவே அந்த அக்கா உலக்கையைப் பிடிக்கிறார். வந்தவர்களில் ஒரு பெண் “நானும் குத்தறேன்” என்று வாங்கி மூன்று போடு போடுகிறார். உரலில் விழுந்தது இரண்டு, தரையில் ஒன்று. எல்லாரும் கைதட்டுகிறார்கள். “அக்கா, நீங்க கொஞ்சம் சிரிச்சுக்கிட்டே குத்துங்க” என்கிறார் வழிகாட்டி. “சிரிச்சா உமி தானாப் போயிடுமா தம்பி?” என்று கேட்டுவிட்டு அக்கா குத்துகிறார். கைதட்டத்தான் ஆளில்லை.

பந்தியில் சாமைச் சோறு, மொச்சைக் குழம்பு, கேழ்வரகுக் களி, கீரை, நாட்டுக்கோழி. நன்றாகத்தான் இருக்கும், சமைத்தவர் கைப்பக்குவத்தில் நான் குறை சொல்லவில்லை. “இவங்க தினமும் இதைத்தான் சாப்பிடறாங்க, அதான் சர்க்கரை வியாதியே இல்லை” என்று ஒருவர் ஏப்பத்தோடு ஆராய்ச்சி முடிவை வெளியிடுகிறார். சமையற்கட்டைக் கொஞ்சம் எட்டிப் பார்த்திருந்தால் வீட்டாருக்கென்று தனியாக வடித்திருக்கும் ரேஷன் அரிசிச் சோற்றைப் பார்த்திருப்பார். சாமை வியாபாரியின் மூட்டைக்குப் போய் நாளாகிறது. விளைவித்தவர் விற்கும் விலைக்கும், ஆலையில் தீட்டி, பையில் அடைத்து, ‘பாரம்பரியம்’ என்று அச்சடித்த பிறகு நகரத்தில் விற்கும் விலைக்கும் நடுவில்தான் எத்தனை கைகள்! அந்தக் கைகளில் உலக்கை பிடித்துக் காய்த்த கை ஒன்றுகூட இல்லை.

இந்த வியாபாரத்தை நாம் கண்டுபிடித்துவிடவில்லை. வெள்ளைக்காரன் செய்து காட்டியதுதான். ஹாகன்பெக் என்ற ஜெர்மானிய மிருக வியாபாரி 1880களில் இலங்கையிலிருந்து யானைகளோடு மனிதர்களையும் கொண்டுபோய் ஐரோப்பிய நகரங்களில் காட்சிக்கு வைத்தார். சிங்களரோடு தமிழரும் அதில் இருந்தார்கள். 1904இல் அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் உலகக் கண்காட்சியில் பிலிப்பைன்ஸின் இகொரொட் மக்களைக் குடிசை போட்டு உட்காரவைத்தார்கள். சடங்கின்போது மட்டும் அவர்கள் உண்ட நாய்க்கறியைத் திரும்பத் திரும்பச் சமைக்கவைத்து டிக்கெட் விற்றார்கள். நம் அந்தமானில் ஜாரவா பெண்களைச் சாப்பாட்டைக் காட்டி ஆடச்சொன்ன வீடியோ 2012இல் வெளியாகி உலகமே காறித் துப்பியது. இன்று மெக்சிகோவுக்குப் போனால் மாயன் பண்பாட்டைச் சோள ரொட்டியோடு அரை நாளில் முடித்துத் தருகிறார்கள். நாம் நாகரிகமானவர்கள். கூண்டு கட்டுவதில்லை, குடில் கட்டி அதற்கு ‘ஹோம் ஸ்டே’ என்று பெயர் வைக்கிறோம்.

அனுபவம்தான் வேண்டும் என்றால் அரைகுறையாக எதற்கு? நான் ஒரு நிரல் தருகிறேன். கட்டணம் கிடையாது.

முதலில் திருப்பத்தூர். அரசாங்கத்தின் சந்தனக் கிடங்கு இங்கேதான் இருக்கிறது. ஜவ்வாது மலைச் சந்தனம் ஒருகாலத்தில் பேர்போனது. பட்டா நிலத்தில் தானாக முளைத்தாலும் சந்தன மரம் சர்க்கார் சொத்து என்பதுதான் நெடுங்காலம் சட்டமாக இருந்தது. சர்க்கார் வெட்டியது ஏலத்துக்குப் போயிற்று. கடத்தல்காரன் வெட்டியது லாரியில் போயிற்று. மலைக்காரனுக்கு இரண்டிலும் பங்கு உண்டு. முன்னதில் கூலி, பின்னதில் கேஸ். விருந்தினர்கள் இங்கே ஆழமாக மூச்சை இழுத்துவிடலாம். மலையேறினால் இந்த வாசனை கிடைப்பது சந்தேகம்.

இரண்டாவது நிறுத்தம் மாநிலத்துக்கு வெளியே, திருப்பதிக்குப் பக்கத்தில் சேஷாசலம் காடு. ஜவ்வாது மலையில் சந்தனம் தீர்ந்த பிறகு, கோடாரி பிடிக்கத் தெரிந்தவர்களைத் தேடிச் செம்மரத் தரகர்கள் மலையேறினார்கள். உள்ளூரில் ஒரு மாதம் உழைத்தாலும் பார்க்க முடியாத பணத்தைச் சில நாள் வேலைக்குத் தருவதாகச் சொன்னார்கள். 2015 ஏப்ரல் 7 அன்று ஆந்திரத்தின் செம்மரக் கடத்தல் தடுப்பு அதிரடிப்படை அந்தக் காட்டில் 20 பேரைச் சுட்டுக் கொன்றது. 20 பேரும் தமிழ்நாட்டுக் கூலிகள். பாதிக்கு மேல் திருவண்ணாமலை மாவட்டத்தவர். ஜவ்வாது மலையிலிருந்தும் அதன் அடிவாரத்திலிருந்தும் போனவர்கள். மோதல் என்றது போலீஸ். முதல் நாளே பஸ்ஸிலிருந்து இறக்கி இழுத்துப்போனார்கள் என்றனர் உயிர் தப்பியவர்கள். தமிழ்நாடு அரசு தலைக்கு 3 லட்சம் ரூபாய் கொடுத்தது. செம்மரத்தைக் கப்பலேற்றிக் கோடி பார்த்த முதலாளி ஒருவர்கூட அன்று அந்தக் காட்டில் சாகவில்லை. மண்ணின் மைந்தர்களோடு உரையாட ஆசைப்படுகிறவர்கள் அந்த வீடுகளின் திண்ணையில் அரை மணி நேரம் உட்கார்ந்து பேசட்டும். அங்கே யாரும் சட்டையைக் கழற்றிக் காட்டத் தேவையில்லை.

மூன்றாவது, சாகசப் பயணம். இளைஞர்கள் கரடுமுரடான மலைப் பாதையில் ஜீப் ஓட்ட ஆசைப்படுகிறார்கள். ‘ஆஃப் ரோடு’ என்று அதற்குத் தனிக் கட்டணம். ஜவ்வாது மலையில் அந்த வசதிக்குக் குறைவே இல்லை. வேலூர் மாவட்டம் அணைக்கட்டுப் பக்கம் அல்லேரி மலைக்கு வாருங்கள். 2023 மே மாதம் அங்கே ஒன்றரை வயதுக் குழந்தையைப் பாம்பு கடித்தது. வண்டி போகும் பாதையில்லாததால் ஆஸ்பத்திரி போய்ச் சேருவதற்குள் குழந்தை இறந்துவிட்டது. பிரேதப் பரிசோதனை முடித்து உடலைக் கொண்டுவந்த ஆம்புலன்ஸ், பாதை முடிந்த இடத்தில் இறக்கிவிட்டுத் திரும்பியது. பெற்ற தாய் பிள்ளையின் உடலைச் சுமந்துகொண்டு மலையேறினார். அதற்கு முந்தின ஆண்டு, 2022 ஏப்ரலில், திருப்பத்தூர் மாவட்டத்துப் பக்கம் சேம்பறையில் கோயிலுக்குப் போன வேன் மலைப்பாதையிலிருந்து உருண்டது. இறந்தவர்கள் 11 பேர், பெண்களும் சிறுமிகளும். சாலையில்லாமை ஒருவருக்குச் சாகசம், இன்னொருவருக்குச் சாவு.

நான்காவது, நட்சத்திரம் பார்க்கும் நிகழ்ச்சி. காவலூர் வைணு பாப்பு வானாய்வகத்தை நான் கேலி செய்யவில்லை. அது நாட்டின் பெருமை. வியாழனின் துணைக்கோள் கானிமீடைச் சுற்றிக் காற்று மண்டலம் இருப்பதற்கான தடயத்தை 1972இல் இங்கிருந்து பார்த்தார்கள். யுரேனஸைச் சுற்றி வளையங்கள் இருப்பதை 1977இல் பார்த்தார்கள். அத்தனை கூர்மையான கண் உள்ள இந்த மலையிலிருந்து, அதே மலைத்தொடரில் உள்ள அல்லேரிக்குப் பாதையில்லாததைப் பார்க்க நம் ஆட்சியாளர்களுக்கு 2023 வரை ஆயிற்று. அதற்கும் ஒரு குழந்தை சாக வேண்டியிருந்தது. குழந்தை இறந்த பிறகுதான் அதிகாரிகள் மூச்சு வாங்க மலையேறினார்கள். மலை இப்போது திருவண்ணாமலை, திருப்பத்தூர், வேலூர் என்று மூன்று மாவட்டத்தில் கிடக்கிறது. மூன்று கலெக்டர்கள் இருந்தும் தொலைநோக்கி ஒன்றுகூட ஊர்ப்பக்கம் திரும்பவில்லை.

சாலை கேட்டால் வனத்துறை அனுமதி இல்லை என்பார்கள். காடு யாருடையது என்பதற்கு 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் பதில் சொல்லியிருக்கிறது. காட்டில் உழுது பிழைப்பவருக்கு நிலவுரிமை, தேனும் புளியும் கடுக்காயும் சேகரிக்கும் உரிமை, முதல் தீர்மானம் கிராமசபையில். தமிழ்நாட்டில் 2008இல் வந்த உயர் நீதிமன்ற இடைக்கால ஆணையைக் காட்டிப் பட்டாவை நிறுத்தி வைத்தார்கள். உச்ச நீதிமன்றம் 2016இல் அந்தத் தடையை நீக்கியது. எட்டு ஆண்டு தடையைக் கட்டிக்காப்பதில் காட்டிய அக்கறையில் கால்வாசியைத் தடை நீங்கிய பிறகு காட்டியிருந்தால் இந்நேரம் மலைக்கு விடிந்திருக்கும். குடியிருப்பவன் காட்டு வழியே ஒரு சாலை கேட்டால் வனத்துறையின் சட்டம் குறுக்கே நிற்கிறது. வெளியூர்க்காரன் ரிசார்ட் வைக்க நிலம் தேடி வந்தால் அதே சட்டம் கொஞ்சம் ஒதுங்கி வழிவிடுகிறது.

கடைசி நிகழ்ச்சி, ஆட்டம். ஜமுனாமரத்தூர் கோடை விழாவுக்குப் போய்ப் பாருங்கள். மேடையில் மந்திரியும் அதிகாரிகளும், கீழே வெயிலில் ஆடுகிறவர்கள். ஆடி முடித்ததும் சால்வை. ஆடியவர்களில் ஒருவர் அப்படியே திரும்பிச் சாலைக்கு ஒரு மனு நீட்டினால் ரசீது. மலைவாசியின் காலைச் சுற்றித் துரை முதல் துணைக் கலெக்டர் வரை எல்லாருக்கும் ரசனை இருந்திருக்கிறது. அந்தக் கால் நடக்கும் பாதையைப் பற்றித்தான் யாருக்கும் ரசனை இல்லை.

‘சுற்றுலா வந்தால் நாலு காசு கிடைக்குமே, அதையும் கெடுக்கிறாயே’ என்று யாராவது கேட்பீர்கள். கிடைக்கட்டும், நாலு காசு ஏன், நானூறாகக் கிடைக்கட்டும். யார் கைக்கு என்பதுதான் கேள்வி. குவாத்தமாலாவில் மாயன் நெசவுப் பெண்கள் தங்கள் வேலைப்பாட்டைத் திருடி விற்பவர்களை எதிர்த்து, அந்த வடிவங்கள் எங்கள் சமூகத்தின் சொத்து என்று 2016இல் அந்நாட்டு அரசியல் சாசன நீதிமன்றத்தின் படியேறினார்கள். காட்சிப்பொருளாக நின்றது போதும், கல்லாவில் உட்காருகிறோம் என்றார்கள். ஜவ்வாது மலையிலும் அப்படி ஆகட்டும். எந்த வேன் வரலாம், எந்த வாசலில் நிற்கலாம், ஒரு சாப்பாடு என்ன விலை, எதைப் படம் எடுக்கக் கூடாது என்பதைக் கிராமசபை கூடி முடிவு செய்யட்டும். சமைத்தவரும் ஆடியவரும் தரகனிடம் சில்லறை வாங்காமல், வந்தவரிடம் நேராகக் கூலி வாங்கட்டும்.

அதுவரை, வண்டிக்குப் பணம் கட்டுமுன் நடத்துகிறவரிடம் மூன்றே கேள்வி கேளுங்கள். நான் கட்டும் தொகையில் சமைக்கிற அக்காவுக்கு எவ்வளவு? கிராமசபையில் கேட்டீர்களா? அந்த ஊருக்கு ஆம்புலன்ஸ் வருமா? பதில் வராவிட்டால் அந்த வண்டியில் ஏறாதீர்கள். ஆம்புலன்ஸ் வராத ஊருக்கு உங்கள் வேன் மட்டும் போக வேண்டிய அவசியம் எதுவுமில்லை.