மாப்பிள்ளை மலையை முடிக்கப் போறாராம்

வாங்க மாப்பிள்ளை, உக்காருங்க. நாளைக்குக் கொடைக்கானல் போறீங்களாமே? விடியக்காலம் ஏறி, ராத்திரிக்குள்ள எல்லாத்தையும் பாத்துட்டு இறங்கிருவீங்களாம். வண்டி, கைடு, சாப்பாடு எல்லாத்துக்கும் சேத்துப் பணம் கட்டியாச்சுன்னு உள்ள பேசிக்கிட்டாக. நல்ல காரியம். நான் இந்த மலையடிவாரத்துல பொறந்து, வத்தலக்குண்டுச் சந்தையிலயே நரைச்சுப் போனவன். இன்னும் அதைப் பாத்து முடிக்கல. நீங்க சாயங்காலம் அஞ்சு மணிக்கு முடிச்சிருவீங்க. படிச்ச புள்ளைங்க சாமர்த்தியமே சாமர்த்தியம்.

ஆனாலும் பொண்ணு குடுத்த வீடுன்னு ஒண்ணு இருக்குல்ல, நாலு யோசனை சொல்லாம அனுப்புனா நாளைக்கு உங்க அம்மா எங்களைக் கேப்பாக.

மொதச் சோலி இ-பாஸ். 2024 மே 7-ல இருந்து ஐகோர்ட்டு உத்தரவு, அது இல்லாம வண்டி ஏறக் கூடாது. டிராவல்ஸ்காரர் எடுத்திருப்பாருன்னு அசந்துறாதீங்க, கேட்டு வாங்கிப் பாத்துக்குங்க. பிளாஸ்டிக் தண்ணி பாட்டில் ஆகாது, மலையில தடை. சீர்ல நாங்க குடுத்த எவர்சில்வர் கூஜா இன்னும் அட்டைப்பெட்டியிலதான கெடக்கு? அது வெளிச்சம் பாக்க இதுதான் நேரம்.

ஏறும்போது கொண்டை ஊசி வளைவுல எல்லாரும் கண்ணை மூடிக்குவாக. நீங்களும் மூடிக்குங்க. தூங்கி எந்திரிச்சா மலை மேல இருப்பீங்க, அலுப்பே தெரியாது. என்ன, டம் டம் பாறை தாண்டிப் போயிருக்கும். அங்க நின்னு எதுத்தாப்புல பாத்தா தலையாறு அருவி தெரியும். எலிவால் அருவின்னும் சொல்லுவாக. 297 மீட்டர், தமிழ்நாட்டுலயே அதுதான் ஒசரம். கிட்டப் போகச் சரியான ரோடு கெடையாது, பக்கத்துல சாக்லேட் கடையும் கெடையாது. அதனால டூர் சீட்டுல பல பேரு அதைப் போடுறதே இல்ல. போட்டிருக்கது வெள்ளி அருவி. ரோட்டோரத்துல, 180 அடி. வண்டியை விட்டு இறங்குனா நனைஞ்சிரலாம். படம் எடுக்க லாயக்கு. வாயில மட்டும் வச்சுறாதீங்க, மேல ஏரி நெறைஞ்சு வழியுற தண்ணிதான் அங்க விழுகுது. ஏரிக்குள்ள என்னென்ன போகுதுன்னு கரையில ஒரு சுத்து நடந்தாத் தெரிஞ்சுரும்.

அந்தக் காலத்து டூரைப் பத்திச் சொல்றேன் கேளுங்க. 1845-ல அமெரிக்கப் பாதிரிமாருக மேல வீடு கட்டுனாக. மோட்டார் ரோடு வர்றதுக்கு முன்ன, பெரியகுளம் பக்கம் கிருஷ்ணமநாயக்கன் தோப்புல இருந்து தொரைமாரும் தொரைசானிமாரும் டோலியிலதான் ஏறணும். தூக்குனது யாரு? நம்மாளுகதான். செங்குத்தான பாதை. தூக்குறவனுக்கு மூச்சு முட்டுனா டோலியை இறக்கி வைப்பான். இறக்கி வச்ச எடத்துல தொரை வேற வழியில்லாம சுத்திமுத்திப் பாப்பாரு. ஆகா, என்னே இயற்கைன்னு நோட்டுல எழுதிக்குவாரு. நம்மாளு பீடி குடிச்சு முடிக்கிற வரைக்கும் அவருக்கு மலை பாக்க நேரம் இருந்துச்சு. இப்ப உங்க வண்டிக்கு மூச்சே முட்டாது. அதான் உங்களுக்கு நேரமில்ல.

மேல போனதும் பன்னெண்டு மைல் சுத்துன்னு ஒண்ணு. மோயர் பாயிண்ட், பைன் காடு, குணா குகை, தூண் பாறை, பசுமைப் பள்ளத்தாக்கு, எல்லாம் அந்தச் சுத்துலயே வந்துரும். எறங்குங்க சார், இருபது நிமிசம்பாரு டிரைவர். அதுல பத்து நிமிசம் டிக்கெட் வரிசை, அஞ்சு நிமிசம் மொளகா பஜ்ஜி, மூணு நிமிசம் கொரங்கு பஜ்ஜியைப் பிடுங்குனதுக்கு அழுகுற புள்ளையைச் சமாதானம் பண்ண. மிச்சம் ரெண்டு நிமிசம் முழுசா இயற்கைக்கு. பாயசம் விழுகுறதுக்குள்ள எலையை எடுக்கிற பந்தியில உக்காந்திருக்கீங்களா? அதேதான். டிரைவரையும் குத்தம் சொல்ல முடியாது. நீங்கதான கேட்டீங்க, எத்தனை ஸ்பாட்டுன்னு? எத்தனை நேரம்னு கேட்டிருந்தா வேற பதில் சொல்லியிருப்பாரு.

தூண் பாறைக்கு வாரேன். அதுதான் முக்கியம். மூணு பாறை, நானூறு அடிக்கு நெட்டுக்குத்தா நிக்கிது. படத்துல பாத்திருப்பீங்க. நேர்ல நீங்க பாக்கப் போறது வெள்ளையா ஒரு சொவரு. அதுக்கு முன்னால அறுபது எழுபது பேரு செல்போனைத் தூக்கிப் பிடிச்சுக்கிட்டு, வெலகிரும், இப்ப வெலகிரும்னு நிப்பாக. பனி வெலகாது. உங்க துரதிர்ஷ்டம்னு கைடு சொல்லுவாரு. துரதிர்ஷ்டமும் இல்ல, மண்ணாங்கட்டியும் இல்ல மாப்பிள்ளை. கீழ தேனி, பெரியகுளம் சமவெளியில வெயில் ஏற ஏற, சூடான காத்து ஈரத்தையும் தூக்கிக்கிட்டு மலைச் சரிவு வழியா மேல ஏறும். மேல ஏறுனாக் குளுரும், குளுந்தா அந்த ஈரம் மேகமாத் தெரண்டுரும். அது வந்து முட்டி நிக்கிற எடம் இந்தப் பாறை நிக்கிற விளிம்புதான். அதனால பல நாளு விடிஞ்சதும் கண்ணாடியாட்டம் இருக்கிற பள்ளத்தாக்கு, மத்தியானம் மூடிக்கிரும். மேகம் வேலைக்குக் கெளம்புற நேரமும் டூர் வண்டி வந்து சேர்ற நேரமும் ஒண்ணாப் போச்சு, அம்புட்டுத்தான்.

இதைக் கண்டுபிடிக்க விஞ்ஞானம் எதுவும் வேணாம். ஆனா விஞ்ஞானிகளுக்கும் இது தெரியும். ஒசரத்தையும் தெளிஞ்ச வானத்தையும் பாத்துத்தான் 1899-ல இதே மலையில சூரிய ஆய்வுக்கூடம் வச்சாக. எவர்ஷெட்னு ஒரு வெள்ளைக்காரரு அங்க உக்காந்து, 1909-ல, சூரியனோட கரும்புள்ளியில வாயு வெளிப்பக்கமா ஓடுதுன்னு கண்டுபிடிச்சாரு. இன்னைக்கும் அதுக்கு அவரு பேருதான். ஒம்பது கோடி மைலுக்கு அந்தாண்ட இருக்கறது அந்த மனுசனுக்குத் தெரிஞ்சுது. உங்களுக்கு நானூறு அடிப் பாறை தெரியல. அவரு காத்துக் கெடந்தவரு, நீங்க இருபது நிமிசத்துல வண்டி ஏறணும்.

சரி, பாறையே தெரியலேன்னாலும் வருத்தப்படாதீங்க. முன்ன ஒருக்கா காலேஜ் புள்ளைகளைக் கூட்டிட்டு வந்த வாத்தியார் ஒருத்தரு டீக்கடையில சொன்னாரு. இந்த மலைப் பாறைக்குச் சார்னக்கைட்டுன்னு பேராம். அந்தப் பேரு வச்சது கல்கத்தாவுல ஜோப் சார்னக்குன்னு ஒருத்தரோட சமாதிக் கல்லைப் பாத்தாம். அந்தக் கல்லு மொதல்ல எங்கருந்து போச்சு தெரியுமா? உங்க மெட்ராசு, பரங்கிமலைப் பக்கம். பல்லாவரத்துல இருந்து ஆபீசுக்குப் போகையில தெனமும் அதே இனத்துப் பாறையைப் பனி இல்லாமப் பாத்துக்கிட்டுத்தான் இருக்கீங்க. எலக்ட்ரிக் ரயில் சீசன் டிக்கெட்டுக்குள்ளயே.

நீங்க இயற்கை இயற்கைன்னு வாரீகளே, அந்தக் கணக்கையும் பாத்துருவோம். ஏரி, மதுரைக் கலெக்டரா இருந்த லெவிஞ்ச் தொரை 1863-ல கரை போட்டுத் தேக்குனது. கோக்கர்ஸ் வாக், 1872-ல கோக்கர்னு ஒரு லெப்டினண்டு போட்ட நடைபாதை. பைன் காடு, பிரையண்டுன்னு ஒருத்தரு 1906-ல நட ஆரம்பிச்சது. அவரு பேர்ல உள்ள பார்க்கு 1908. இம்புட்டும் நல்லாத்தான் இருக்கு, இல்லேங்கல. ஆனா இதையெல்லாம் பாத்துட்டு ஆண்டவன் படைப்பே படைப்புன்னு சொன்னீங்கன்னா லெவிஞ்ச் தொரை கோவிச்சுக்குவாரு. பைன் காட்டுல ஒரு தடவை குனிஞ்சு தரையைப் பாருங்க. காஞ்ச ஊசியெலை மெத்தையாட்டம் கெடக்கும், அடியில மத்த செடிகொடி பெருசா எதுவும் மொளைச்சிருக்காது. இந்த மலையோட சொந்தக் காடு சோலைக்காடு. குட்டையா, நெருக்கமா, பாசி புடிச்சு, மழை நின்னு வெகுநேரம் ஆனாலும் சொட்டிக்கிட்டே நிக்கும். அதுக்குப் பக்கத்துல புல்வெளி. அந்தப் புல்லுல குறிஞ்சி. சீகை மரமும் தைல மரமும் பைனும் நட்டு நட்டுப் புல்வெளியில பெரும்பகுதியைத் தின்னாச்சு. மிச்சம் இருக்கிறதுல 2018-ல பூத்துச்சு, பன்னெண்டு வருசக் கணக்கு. அதை எந்த டூர்க்காரரும் எறங்குங்க சார்னு காட்ட முடியாது.

குணா குகையில விளையாட்டு வேணாம். அதை மட்டும் நேராச் சொல்றேன். 1821-ல வார்டுன்னு ஒரு சர்வேயர் தொரை பாத்த எடம், 1991-ல கமல் படம் வந்து இந்தப் பேரு வந்துச்சு. கேரளாப் பையன் ஒருத்தன் 2006-ல உள்ள விழுந்து, கூட வந்தவனே எறங்கித் தூக்குனான். அது 2024-ல படமா வந்துச்சு, மறுபடி கூட்டம் பொங்குச்சு. படத்துல நீங்க பாத்த குகைக்குள்ள காட்சி பாதிக்கு மேல செட்டுப் போட்டு எடுத்ததுதான். நெசக் குகையில கம்பி வேலிக்கு இந்தப் பக்கம் நின்னு, மரத்து வேரைப் படம் எடுத்துக்கிட்டு வாங்க. வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு கால் வச்சீங்கன்னு கேள்விப்பட்டேன், எங்க வீட்டுப் பொண்ணை ஆடிக்கே கூட்டிட்டு வந்துருவேன்.

பள்ளத்தாக்குக் கம்பி ஓரத்துலயும் அதே சட்டம். அப்புறம் தைலக் கடை, சாக்லேட் கடை. அங்க மட்டும் டிரைவர் அவசரப்படுத்த மாட்டாரு, நீங்களே பாருங்க. இருபது நிமிசம் அரை மணியாகும், அவருக்கு டீ வரும். அந்த அரை மணியைத் தூண் பாறையில குடுத்திருக்கலாம்லனு கேட்டுறாதீங்க. பாறை யாருக்கும் கமிசன் தராது.

கட்டுன பணம் கட்டுனதாவே இருக்கட்டும், நான் சொல்ற மாதிரி ஒண்ணு செய்ங்க. ஒரே நாள்ல திரும்பாம ராத்திரி மேல தங்குங்க. மறுநா விடிஞ்சதும் எந்திரிச்சு கோக்கர்ஸ் வாக் பக்கம் போங்க. தூண் பாறைக்கு டிக்கெட் கவுண்டர் தொறக்கையில மொத ஆளா நில்லுங்க. காட்டு மாடு ரோட்டுல நிக்கும், எருமைதானனு கிட்டப் போயிறாதீங்க. அது வழிவிடுற வரைக்கும் நீங்கதான் நிக்கணும்.

மாட்டேன், வேலை இருக்கும்பீங்க. ஐ.டி. கம்பெனி நாளைக்கே மூடிருமாக்கும். சரி, எனக்காக ஒரு வேலை. வரும்போது ரெண்டு கிலோ மலைப்பூண்டு வேணும். உங்க அத்தைக்கு அந்தப் பூண்டு இல்லாமக் கொழம்பு எறங்காது. 2019-ல புவிசார் குறியீடு வாங்குன பூண்டு, லேசுப்பட்டதில்ல. ஏரிக்கரைக் கடையில வாங்குனா எந்த ஊருப் பூண்டுன்னு சொல்ல முடியாது. பூம்பாறைக்கே போயி, அடுக்கடுக்கா வயல் தெரியுற எடத்துல எறங்கி, குழந்தை வேலப்பரைக் கும்பிட்டுட்டு, விவசாயி வீட்டுத் திண்ணையிலயே வாங்கணும். டிரைவரைக் கேட்டா, அது நம்ம டூர்ல வராது சார்ம்பாரு. கொடைக்கானல் பஸ் ஸ்டாண்டுல இருந்து கவர்மெண்டு பஸ் போகுது, ஏறிக்குங்க.