பத்து மடங்குக்கு ஆசைப்பட்ட மருமோனுக்கு

மருமோன், நீ அனுப்பின துவக்கு ஸ்கோப் படம் மூண்டையும் பாத்தன். போனைக் கிட்டப் பிடிச்சும் பாத்தன், எட்டப் பிடிச்சும் பாத்தன். மூண்டும் கறுப்புக் குழல்தான். ஒண்டிலை பெருக்கம் 1-4 எண்டு எழுதிக் கிடக்கு, மற்றதிலை 1-6, கடைசியிலை கிடக்கிற கண்டறியாததிலை 1-10. அந்தப் பத்துதான் மூண்டுக்குள்ளையும் விலை குறைவு. உன்ரை மனம் எங்கை சாயுதெண்டு எனக்கு அப்பவே விளங்கிட்டுது. கொப்பற்றை பிள்ளைதானே நீ.

யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலிச் சந்தையிலை சாக்கு வாயிலை தெரியிற வெங்காயம் எப்பவும் பெருத்துச் சிவந்து காய்ஞ்சுதான் கிடக்கும். முழங்கை மட்டும் கையை உள்ளை விட்டுப் பாக்கிறவனுக்குத்தான் அழுகல் பிடிபடும். உந்தப் பத்தெண்ட இலக்கமும் சாக்கு வாய் வெங்காயம்தான், மோனே. கையை உள்ளை விடு.

செம்மண் கொத்தின கிழவனுக்கு ஸ்கோப்பைப் பற்றி என்ன தெரியும் எண்டு நீ உள்ளுக்கை சிரிப்பாய். சிரி. நீங்கள் எல்லாரும் குழலின்ரை பின்பக்கத்தாலை பாத்துப் படிக்கிறியள். நாங்கள் முன்பக்கத்திலை நிண்டு படிச்ச ஆக்கள். 1983 யூலை 23 இரவு பலாலி வீதியிலை ஆமிக்கு வைச்ச கண்ணிவெடி வெடிச்ச சத்தம் எங்கடை படலை மட்டும் கேட்டது. 1987 ஒக்ரோபரிலை பல்கலைக்கழக மைதானத்திலை இந்திய ஆமி ஹெலியிலை வந்து இறங்கின இரவு, நான் வாழைப் பாத்திக்குள்ளை முகம் குப்புறக் கிடந்தனான். அதுக்குப் பிறகு எத்தினையோ காலம், நான் சைக்கிளிலை தோட்டத்துக்குப் போகேக்கை மண்மூட்டைக்குப் பின்னாலை இருந்து எவனோ ஒருத்தன் என்னைப் பெருப்பிச்சுப் பாத்துக்கொண்டிருந்தவன். எத்தினை மடங்கு எண்டு அவனும் சொல்லேல்லை, நானும் கேக்கேல்லை.

துவக்கும் எனக்குப் புதிசில்லை. எங்கடை ஐயாவிட்டைப் பரந்தன் வயலுக்கெண்டு ஒரு ஒற்றைக் குழல் இருந்தது. 1916ஆம் ஆண்டுச் சுடுகலன் சட்டத்திலை எழுதினபடி, கச்சேரிக்கு நடந்து நடந்துதான் லைசென்ஸ் புதுப்பிக்கிறவர். குழல் நுனியிலை ஒரு பித்தளை மணி இருக்கும். அதுதான் அவற்றை ஸ்கோப். பன்றி விழுந்தால் அது பன்றியின்ரை கவனக்குறைவு.

சரி, உன்ரை சோலிக்கு வருவம். உந்தக் குட்டி ஸ்கோப்புகள் எங்கை இருந்து வந்ததெண்டு தெரியுமோ? ஜேர்மன்காரர் காட்டுக்குள்ளை ஆளை விட்டுப் பன்றியைக் கலைச்சு, ஓடேக்கை சுடுறதுக்கெண்டு குறைஞ்ச பெருக்கத்திலை செய்து வைச்சிருந்த சாமான். பேந்து ஆமிக்காரர் கண்டுகொண்டினம். 2020இலை அமெரிக்க மரைன் படை ட்ரிஜிகொன் கொம்பனியின்ரை 1-8ஐத் தன்ரை துவக்குகளுக்கு எடுத்தது. அது கடையிலை 2,000 டொலருக்கு மேலை. அந்தப் படத்தைப் பாத்திட்டுத்தான் 300 டொலருக்கு அதே எடுப்பிலை ஒண்டு வேணும் எண்டு உலகத்திலை உள்ள பெடியள் எல்லாம் அந்தரப்படுறாங்கள். அமெரிக்காவிலை அது கூடுதலாய் ஏறிக் குந்தியிருக்கிறது ஏஆர்-15இலை. அந்தத் துவக்கையே உன்ரை கனடா அரசாங்கம் 2020 மே 1ஆம் திகதி, கிட்டத்தட்ட 1,500 வகைக்குள்ளை சேத்துத் தடைசெய்து போட்டுது. உன்னட்டை இருக்கிறது போல்ட் இழுத்து ஒவ்வொண்டாய்ச் சுடுற .308. அதுக்கு ஆமி உடுப்புப் போட்டுப் பாக்கிறாய். போடு, வடிவாய்த்தான் இருக்கும். மான் பாத்து மயங்கட்டும்.

நீ நவம்பரிலை போறது ஹாலிபேர்ட்டன் பக்கத்துப் பற்றைக்காடு எண்டு கொம்மா சொன்னவா. பற்றைக்குள்ளை மான் நிக்கிறது அம்பது, எண்பது யார் தூரத்திலை. அதுக்குப் பத்து மடங்கு என்னத்துக்கு? மானுக்குத் தடிமன் பிடிச்சிருக்கோ எண்டு பாக்கவோ? உந்தத் தூரத்துக்கு ஒண்டும் இரண்டும் காணும். நாலே கூட.

இப்ப ஒரு கணக்குச் சொல்லுறன், பென்சில் எடு. குழலின்ரை முன்வில்லை 24 மில்லிமீற்றர். அதை நீ வைக்கிற பெருக்கத்தாலை பிரி. நாலிலை வைச்சால் 6. ஆறிலை வைச்சால் 4. பத்திலை வைச்சால் 2.4. பின்பக்கத்தாலை கண்ணுக்குள்ளை வந்து விழுற வெளிச்ச வட்டம் அவ்வளவுதான். இருட்டுக்குள்ளை உன்ரை வயசுக்காரற்றை கண்மணி ஏழு மில்லிமீற்றர் மட்டும் விரியும். அதுக்கு 2.4 மில்லிமீற்றர் வெளிச்சம் என்ன செய்யும்? ஒன்ராறியோவிலை சூரியன் விழுந்து அரை மணித்தியாலம் மட்டும் சுடச் சட்டம் விடுது. மான் பற்றையை விட்டு வெளியிலை வாறதும் அந்த மம்மல் பொழுதிலைதான். அந்த நேரம் பார்த்து நீ பத்திலை வைச்சுக்கொண்டு, உள்ளுக்கை எல்லாம் கறுப்பாக் கிடக்கு எண்டு கொம்பனிக்காரனைத் திட்டுவாய். மூண்டுக்கு இறக்கு, தெரியும். அப்ப மூண்டுக்கு மேலை கிடக்கிற ஏழுக்கு ஏன் காசு குடுத்தனி எண்டு நான் கேக்கமாட்டன். கொம்மா கேப்பா.

வயல் ஓரத்திலை, புல்வெளிக் கரையிலை குந்தியிருந்து சுடப்போறாய் எண்டால் உந்த மூண்டும் வேண்டாம். பழைய மாதிரி 3-9, முன்வில்லை 40 மில்லிமீற்றர் எண்டு ஒண்டு எல்லாக் கடையிலையும் கிடக்கு. ஆறிலை வைச்சாலும் 6.7 வெளிச்சம் தரும். விலையும் குறைவு. ஆனால் அதை நீ வேண்டமாட்டாய். அது மாமாமாருக்குரிய ஸ்கோப்.

காசு குடுக்க முதல் கடையிலை கையிலை எடுத்துப் பார். ஒண்டிலை வை. இரண்டு கண்ணையும் திற. ஒற்றைக் கண்ணைச் சுருக்கி எடுப்பெடுக்காதை, அது சினிமாக்காரன்ரை வேலை. கடையின்ரை கதவு நிலையைப் பார். குழலுக்குள்ளாலை தெரியிற நிலையும் வெறுங்கண்ணுக்குத் தெரியிற நிலையும் முறியாமல் ஒரே கோடாப் போகவேணும். மலிஞ்ச சாமானிலை ஒண்டெண்டு எழுதியிருப்பான், உள்ளுக்கை 1.1 ஆக இருக்கும். அப்ப நிலை துள்ளும். மெல்லமாய்த் தலையோடை குழலைத் திருப்பு. கரையிலை நிலை வளைஞ்சு வயிறு தள்ளினால் திருப்பிக் குடு.

கண்ணை எங்கை வைக்கிறதெண்டதும் ஒரு விசயம். நல்லது மூண்டரை, நாலு அங்குலம் விட்டுத்தரும். தலை கொஞ்சம் அங்காலை இஞ்சாலை போனாலும் படம் கெடாது. பெருக்கம் கூடக் கூட அந்த இடம் ஒடுங்கும். பத்து மடங்கு மலிவுச் சாமானிலை மூச்சு விட்டாலே கறுத்துப் போகும். இதைக் கடையிலை சேட்டோடை நிண்டு பாக்காதை, மருமோன். நவம்பரிலை போடுற மொத்தக் குளிர் ஜக்கெற்றைப் போட்டுக்கொண்டு போ. தோளிலை இரண்டு அங்குலம் தடிப்பு ஏறினால் துவக்கு முன்னுக்குப் போகும், கண் பின்னுக்கு நிக்கும். கடைக்காரன் விசரன் எண்டு நினைப்பான். நினைக்கட்டும். குழலை வலுகிட்ட வைச்சிட்டு .308 அடிச்சுதெண்டால் புருவத்திலை பிறை மாதிரி வெட்டு விழும். பிறகு ஸ்காபரோவிலை உள்ள சனம் முழுக்க உனக்கும் மருமோளுக்கும் சண்டையாம் எண்டு கதைக்கும்.

குறிக்கோடு முன்னுக்கு இருக்கிறது நல்லதோ, பின்னுக்கு இருக்கிறது நல்லதோ எண்டு கேட்டனி. முன்னுக்கு இருந்தால் பெருக்கத்தோடை கோடும் பெருக்கும், அளவு எப்பவும் சரியாய் இருக்கும். ஆனால் ஒண்டிலை வைக்கேக்கை கோடு நூலாய் மெலிஞ்சு காணாமல் போகும். பின்னுக்கு இருந்தால் கோடு ஒரே அளவு. அதிலை கிடக்கிற கீறுகள் சொல்லுற தூரம் கூடுதலாய் ஆகக்கூடின பெருக்கத்திலை மட்டும்தான் சரிவரும். நீ அறுநூறு யாருக்குச் சுடப்போறியோ? இல்லைத்தானே. பின்னுக்கு இருக்கிறதை எடு, பேசாமல் இரு.

இனித்தான் முழங்கை மட்டும் கை விடுற வேலை. ஸ்கோப் வேண்டுறது பெருப்பிச்சுப் பாக்க எண்டு நினைக்கிறாய். பெருப்பிக்க 20 டொலர்க் கண்ணாடியும் காணும். ஸ்கோப்புக்குக் காசு குடுக்கிறது வைச்ச இடத்திலை நிக்கிறதுக்கு. மேலை ஒரு குமிழ், பக்கத்திலை ஒரு குமிழ் இருக்கும். திருப்பத் திருப்ப கிளிக் கிளிக் எண்டும். அந்தச் சத்தத்திலை மயங்காதை, சத்தம் செய்யிறது வலு சுகம். ஒரு கிளிக் அரை எம்ஓஏ எண்டு எழுதியிருந்தால், 100 யாரிலை அரை அங்குலத்துக்குச் சொட்டுக் கூடக் குறி நகர வேணும். அந்தத் தூரத்திலை ஒரு எம்ஓஏ எண்டது 1.047 அங்குலம். நாப்பது கிளிக் திருப்பினால் கிட்டத்தட்ட 21 அங்குலம். அவன் சொன்னதைச் செய்யுதோ எண்டு பாக்க ஒரு ரவையும் செலவழிக்கத் தேவையில்லை. போல்ட்டைக் கழட்டி, துவக்கை ஆடாமல் கட்டையிலை இறுக்கு. நீ சுடப் பழகுற இடத்திலையே 100 யாரிலை ஒரு பெரிய மட்டையை நிமித்தி, அங்குலக் கோடு கீறி, பக்கத்திலை மேசன்மார் வைச்சிருக்கிற தூக்குக்குண்டைத் தொங்கவிடு. தூக்குக்குண்டு பொய் சொல்லாது, அதுக்கு விளம்பரமும் இல்லை.

முதல், குறுக்குக் கோட்டின்ரை நெடுங்கோடு அந்த நூலோடை ஒட்டி நிக்குதோ பார். நிக்காட்டில் துவக்கோடை பிடிக்கிற வளையத்திலை குழல் சரிஞ்சிருக்கு. வளையத்தை இறுக்கேக்கை ஒரு பக்க ஆணியை முழுக்க இறுக்கிப்போட்டு மற்றப் பக்கம் போனால் குழல் திரும்பிப் போகும். மாறி மாறி, கொஞ்சம் கொஞ்சமாய் இறுக்க வேணும். நேராயிட்டுதெண்டால் மேல் குமிழை நாப்பது கிளிக் திருப்பு. கோடு நூலை விட்டு விலகாமல் 21 அங்குலம் நகருதோ? பக்கக் குமிழை நாப்பது, பிறகு மேல்குமிழை இறக்கி, பக்கக் குமிழையும் திருப்பி, புறப்பட்ட இடத்துக்கே கொண்டு வா. புறப்பட்ட புள்ளியிலை வந்து நிண்டால் அது ஸ்கோப். அரை அங்குலம் தள்ளி நிண்டால் அது வேலி எட்டிப் பாக்கிற சாமான். உடனை அனுப்பு. கண்ணை மட்டும் நடுவிலை வை. உந்தச் சின்னனுகளிலை கனக்க, குறி விலகாத தூரம் 100 யாருக்கெண்டு பூட்டினபடிதான் வரும். கிட்டத்திலை வைச்சுப் பாத்துக்கொண்டு தலையை ஆட்டினால் கோடும் ஆடும், குற்றம் ஸ்கோப்பிலை இல்லை.

இதுக்குப் பிறகு போல்ட்டைத் திரும்பப் போட்டுக் கொஞ்சம் சுட்டு, ட்ரக்குக்குள்ளை வைச்சுக் கல்லு ரோட்டாலை ஓடிப்போட்டு, திரும்பவும் சுட்டுப் பார். குளிர் கராஜுக்குள்ளை ஒரு இரவு கிடக்கவிட்டுச் சூடான குசினிக்குள்ளை கொண்டு வா. வெளிவில்லையிலை புகார் பிடிக்கும், துடைச்சால் போகும். உள்ளுக்கை பிடிச்சால் ஈரமில்லாத வாயு போட்டு அடைச்சவன் வடிவாய் அடைக்கேல்லை.

உள்ளை மினுங்குற சிவப்பு லைற்? பனியிலை வெயில் அடிக்கேக்கை மலிவுச் சாமானின்ரை லைற்றைத் தேடித்தான் பிடிக்க வேணும். அது இல்லாமலும் கறுப்புக் கோடு தெரிஞ்சால் காணும். பற்றறி சிஆர்2032, குளிரிலை கெதியாய்ச் சோரும். நாங்கள் 1990க்குப் பிறகு பொருளாதாரத் தடையாலை பற்றறியே இல்லாமல் சைக்கிள் டைனமோவைச் சுத்திச் செய்தி கேட்ட ஆக்கள். உனக்கு ஒரு பட்டன் பற்றறியைப் பொக்கற்றிலை வைச்சிருக்கக் கஷ்டமோ?

அப்ப எது எண்டு கேக்கிறாய். வோர்ட்டெக்ஸ் குரொஸ்ஃபயர் 1-4, இல்லாட்டில் ஸ்ட்ரைக் ஈகிள் 1-6, இல்லாட்டில் பிரைமரி ஆம்ஸ் 1-6. இந்த மூண்டுக்குள்ளை எதையும் எடுத்துச் சோதி. வோர்ட்டெக்ஸ்காரன் வாழ்நாள் முழுக்கத் திருத்தித் தருவன் எண்டு எழுதியே தாறான், கை மாறினாலும் அந்த வாக்குச் செல்லும். எங்கடை ஆக்களுக்கு அது முக்கியம், பிறகு தம்பிக்கு விக்கலாம். என்னைக் கேட்டால் 1-4. நீ 1-6 எடுப்பாய் எண்டும் எனக்குத் தெரியும். மிச்சக் காசுக்கு நல்ல வளையம் வேண்டு.

ஒண்டு மட்டும் பகிடி இல்லாமல் சொல்லுறன். காட்டுக்குள்ளை ஏதோ அசையுது, என்னெண்டு பாப்பம் எண்டு உந்த ஸ்கோப்பைத் தூக்கி வைக்காதை. குழல் பாக்கேக்கை துவக்கும் சேந்துதான் பாக்குது. நீங்கள் எல்லாரும் சட்டத்துக்கு 400 சதுர அங்குலம் செம்மஞ்சள் உடுப்பும் தொப்பியும் போட்டுக்கொண்டு போறது ஆளை ஆள் தெரியத்தான். அங்காலை நிக்கிறது ஆரும் பெற்ற பிள்ளையாய் இருக்கும். தேடுறதுக்குக் கழுத்திலை பைனாகுலர் போடு. சுடுறதெண்டு முடிவெடுத்த பிறகுதான் ஸ்கோப். அந்தக் குழலுக்கு முன்னாலை சைக்கிள் ஓடினவன் சொல்லுறன்.

விலையைக் கொம்மாவுக்குச் சொல்லேக்கை கடைசிச் சைபரை விட்டிட்டுச் சொல்லு. நான் இஞ்சையிருந்து ஓம் எண்டு சாட்சி சொல்லுறன்.

மற்றது, பொங்கலுக்கு வாறாய் எண்டு கேள்வி. மாமாவுக்குக் காட்டுவம் எண்டு உந்தக் குழலைச் சூட்கேசுக்குள்ளை வைச்சுக் கொண்டு வந்திடாதை. கட்டுநாயக்காவிலை கண்டாங்கள் எண்டால், உன்னோடை சேத்து என்னையும் விசாரணைக்கு நாலாம் மாடிக்கு ஏத்துவாங்கள். முழங்கால் விடாது. கொண்டு வாறதெண்டால் ஒரு பைனாகுலர் கொண்டு வா, 8x42 எண்டு போட்டிருக்கும். நாப்பத்திரண்டை எட்டாலை பிரிச்சுப் பார், கிழவன்ரை கண்ணுக்கு அளவாய் வரும். மம்மல் பொழுதிலை என்ரை கறுத்தக் கொழும்பான் மாவிலை ஆர் கை வைக்கிறதெண்டு எனக்கு ஒருக்காப் பாக்க வேணும்.