நேரநிறுத்தியார்

மேட்டுப்பாளையம் என்றதும் ஊட்டி ரயிலுக்குக் கிளம்பிவிடாதீர்கள். இது புதுச்சேரி மேட்டுப்பாளையம். மலை கிடையாது; பிப்டிக் தொழிற்பேட்டை உண்டு, லாரி முனையம் உண்டு, டீக்கடைகள் தாராளமாக உண்டு. ஷிப்ட் மாறும் நேரத்தில் அவற்றில் ஏதாவதொன்றின் பெஞ்சில் நம் ஆளைப் பார்க்கலாம். பெயர் எதற்கு? கம்பெனிக்குக் கம்பெனி ஒருவர் இருக்கிறார். அத்தனை பேருக்கும் சேர்த்து நேரநிறுத்தியார் என்று நானே ஒரு பெயர் சூட்டியிருக்கிறேன்.

சூர்யா நடித்த '24' படம் 2016-இல் வந்தபோது பிடித்தது, நேரத்தை நிறுத்தும் இந்தப் பித்து. வாட்ச் ரிப்பேர் பார்க்கும் இளைஞன் கையில் ஓர் அபூர்வக் கடிகாரம் சிக்கும். அவன் நினைத்தால் மழைத்துளிகள் அந்தரத்தில் அப்படியே நிற்கும். மற்றவர்கள் படத்தைப் பார்த்து, பாட்டை முணுமுணுத்துக்கொண்டே வீடு திரும்பினார்கள். நம்மவர் மனசுக்குள் அந்தக் கடிகாரத்தைக் கட்டிக்கொண்டு திரும்பினார். இன்னும் கழற்றவில்லை.

அது நிஜமாகவே கிடைத்தால் என்ன செய்வார்? வங்கியைக் கொள்ளையடிப்பாரா, எதிரியைப் பழிவாங்குவாரா என்று பயப்பட வேண்டாம். ஆசைகள் ரொம்பச் சின்னவை. காலை எட்டரைக்கு விரல் வைக்க வேண்டிய மெஷினில் எட்டு முப்பத்தி நாலுக்கு வைக்கிறவர் அவர். அந்த நாலு நிமிடத்தை நிறுத்த வேண்டும். ராஜீவ் காந்தி சிக்னலில் ஊரே உறைந்து நிற்க, தன் வண்டி மட்டும் நடுவில் புகுந்து போக வேண்டும். சூப்பர்வைசர் வாயைத் திறந்ததும் அப்படியே நிறுத்திவிட்டு ஒரு வடை சாப்பிட்டு வர வேண்டும். அவ்வளவுதான்.

இதில் அவரைக் கேலி செய்ய நமக்கு யோக்கியதை இல்லை. 2015-இல் வந்த 'இன்று நேற்று நாளை'யில் எதிர்காலத்திலிருந்து ஒரு கால இயந்திரமே வந்து சேர்கிறது. கதாநாயகனும் நண்பனும் அதை வைத்து என்ன செய்கிறார்கள்? ஜோசியர் வேஷம் போட்டு, தொலைந்துபோன பொருட்களைக் கண்டுபிடித்துக் கொடுத்துக் காசு பார்க்கிறார்கள். தமிழில் வந்த காலப் படங்களிலேயே நம்மைச் சரியாகப் புரிந்துகொண்டது அதுதான் என்பேன்.

பெஞ்சில் அவருக்கு ஒரு எதிரி உண்டு: பாலிடெக்னிக் முடித்துவிட்டு அப்ரன்டிஸாக வந்த பையன்.

"அண்ணே, நேரம் நின்னா காத்தும் நின்னுடும். மூச்சே விட முடியாது. வெளிச்சமும் நகராது. கண்ணே தெரியாது."

"தெரிய வேணாம்டா தம்பி. நான் தூங்கத்தான் போறேன்."

அறிவியல் அவருக்குத் தெரியாது என்று எண்ணிவிடாதீர்கள். ஒரே ஒரு விஷயம் தெரியும், ஆனால் அது அசைக்க முடியாதது. பூமி சுற்றும் வேகம் அணுக் கடிகாரத்தோடு ஒத்துப்போகாததால், 1972 முதல் 27 தடவை உலகக் கடிகாரங்களில் ஒரு விநாடியைச் செருகியிருக்கிறார்கள். கடைசித் தடவை நமக்கு விடிந்தது 2017 ஜனவரி 1. அதிகாலை 5 மணி 29 நிமிடம் 59 விநாடிக்குப் பிறகு, ஐந்தரை ஆகாமல், 60-ஆவது விநாடி ஒன்று வந்தது. "பாத்தியா, கவர்மென்டே நிறுத்துது!" என்பார். அந்த விநாடியில் அவர் என்ன செய்துகொண்டிருந்தார் என்று கேட்டால் பதில் வராது. புத்தாண்டு விடியற்காலை, அதுவும் புதுச்சேரியில்! கேட்பவருக்கே புத்தி வேண்டாமா? 2035-க்குள் இந்தப் பழக்கத்தையே விட்டுவிடுவதாக உலக நாடுகள் முடிவெடுத்திருப்பது அவருக்குச் சொந்த நிலம் பறிபோன துக்கம்.

இன்னொரு சித்தாந்தமும் வைத்திருக்கிறார். நேரத்தை நிறுத்தும் வித்தை வெள்ளைக்காரனிடம், அதிலும் பிரெஞ்சுக்காரனிடம், ஏற்கெனவே இருந்ததாம். 1954 நவம்பர் 1-ஆம் தேதி புதுச்சேரி நிர்வாகத்தை இந்தியாவின் கையில் கொடுத்தவர்கள், சட்டப்படி ஒப்படைத்தது 1962 ஆகஸ்ட் 16-ஆம் தேதி. "எட்டு வருஷம் ஊரையே பாஸ்ல வச்சிட்டாம்பா!" போகும்போது அந்த மெஷினை டவுனிலேயே மறந்துவிட்டார்களாம். இல்லாவிட்டால் மதியம் ஒரு மணிக்கு ஷட்டரை இறக்குகிற கடைக்காரர் நாலு மணிக்கு எப்படிக் கொட்டாவியோடு வருவார்? டவுனில் மூன்று மணி நேரம் நிற்கிற காலம், தொழிற்பேட்டைக்கு மட்டும் அரை மணி நேர லன்ச்சாகச் சுருங்கிவிட்டது. இந்த ஓரவஞ்சனையை அவர் மன்னிக்கவே மாட்டார்.

ஆகவே நாளைய புதுச்சேரிக்குச் சட்டம் எழுதி வைத்திருக்கிறார். வீட்டுக்கு ஒரு நேரநிறுத்திக் கடிகாரம். சிவப்பு ரேஷன் கார்டுக்கு மாதம் இருபது நிமிடம் இலவசம், மஞ்சள் கார்டுக்குப் பத்து. மாகே, யானம் பங்கைத் தனியாக ஒதுக்கிவிட வேண்டும். பிறகு சண்டை வரக்கூடாது. காரைக்காலுக்குக் கொஞ்சம் கூட்டிக் கொடுக்கலாம், மச்சினன் அங்கே இருக்கிறார். திட்டத்துக்கான கோப்பு முதல்வருக்கும் துணைநிலை ஆளுநருக்கும் இடையே போய் வருவதற்குள் கடிகாரமே தேவைப்படாது என்றான் அப்ரன்டிஸ். அவர் காதில் வாங்கவில்லை.

ஒரு நாள் இதையெல்லாம் கேட்டபடி பார்சல் டீக்காக நின்றிருந்தார் பேக்கிங் பிரிவு அக்கா. "அண்ணே, அந்த வாட்சை முதல்ல யாரு வாங்குவாங்க?"

"நாந்தான்!"

"உங்க முதலாளிண்ணே. ஊரை நிறுத்திட்டு உங்களை மட்டும் நிறுத்தாம விடுவாரு. கடிகாரத்துல எட்டு மணி நேரம்தான் ஆயிருக்கும், நீங்க பதினாறு மணி நேரம் ஓட்டியிருப்பீங்க. அந்த எட்டைக் கேட்டுத்தான் 1936-ல மில்லுக்காரங்க பன்னண்டு பேரு இந்த ஊருல குண்டடி பட்டு செத்தாங்க. எங்க தாத்தா சொல்லுவாரு."

பெஞ்சு கொஞ்ச நேரம் பேசவில்லை. நேரநிறுத்தியார் டீயைக் குடித்து முடித்தார். கணக்குப் போடுகிறார் என்பது உதட்டசைவில் தெரிந்தது.

"நிறுத்தின நேரத்துக்கு ஓ.டி. உண்டுல்ல?" என்றார்.