தங்கச்சி, இங்க ஒரு கையெழுத்து

நம் குடும்பங்கள் மாறவில்லை என்று எவன் சொன்னான்? காதுகுத்துக்கு ட்ரோன் பறக்கிறது. தாய்மாமன் சீர் குட்டியானையில் ஏறி, செண்டை மேளம் முழங்க வருகிறது. கருமாதிச் சாப்பாடு கூட கேட்டரிங்தான். இத்தனையும் மாற்றிவிட்டு, ஒரே ஒரு மரபை மட்டும் உயிரைக் கொடுத்துக் காப்பாற்றுகிறோம். அப்பாவின் பதினாறாம் நாள் காரியம் முடிந்து பந்தல் பிரிப்பதற்குள், பெண்பிள்ளைகளிடம் சொத்தில் பங்கு வேண்டாம் என்று விடுதலைப் பத்திரம் எழுதி வாங்கிவிடுவது.

பெண்ணுக்கும் சொத்தில் சம உரிமை வேண்டும் என்று செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு தீர்மானம் போட்டது 1929-இல். இந்துக் கூட்டுக் குடும்பச் சொத்தில் அதைத் தமிழ்நாடு சட்டமாக்கியது 1989-இல். நாடு முழுவதற்கும் வந்தது 2005-இல். மகளுக்கு அது பிறப்பிலேயே வந்த உரிமை, அந்தச் சட்டம் வந்தபோது அப்பா உயிரோடு இருந்தாரா என்று பார்க்க வேண்டியதில்லை என 2020-இல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது. சொல்லட்டுமே. அத்தனையையும் ரத்து செய்ய நமக்கு ஒரு பெரியம்மா போதும். "பொறந்த வீடு வேணுமா, அந்தக் காலி மனை வேணுமா, நீயே சொல்லு."

பெரியப்பா கணக்கு பேசுவார். "கல்யாணத்துக்கு அம்பது பவுன் போட்டோமே!" 1961 முதல் குற்றமான வரதட்சணையை வரவு வைத்து, 1989-இல் கிடைத்த உரிமையைக் கழிக்கும் இந்தக் கணக்கு எந்த ஆடிட்டருக்கும் வராது. அந்த ஐம்பது பவுனும் அவள் கழுத்திலா இருக்கிறது? மாமியார் வீட்டுத் தொழிலுக்காக அடகுக் கடையில் இருக்கிறது.

2007-இல் இன்னொரு சட்டம் வந்தது. வயதான பெற்றோரைப் பராமரிக்கும் பொறுப்பு மகனைப் போலவே மகளுக்கும் உண்டு என்றது. அதை மட்டும் நம் குடும்பங்கள் முணுமுணுக்காமல் ஏற்றுக்கொண்டன. அப்பாவுக்கு மூச்சுத் திணறிய ராத்திரிகளில் ஆஸ்பத்திரி பெஞ்சில் கிடந்தவள் மகள். அண்ணன் வீடியோ காலில் தைரியம் சொன்னார். அந்தப் பொறுப்பிலிருந்து எந்த அண்ணனும் தங்கச்சிக்கு விடுதலை எழுதிக் கொடுத்ததில்லை.

சார்பதிவாளர் அலுவலகத்தில் அண்ணன் ஒரு பக்கம், சித்தப்பா மறுபக்கம், முதுகுக்குப் பின்னால் அத்தை. நடுவில் நிற்பவள், யாருடைய தூண்டுதலும் இல்லாமல் மனப்பூர்வமாக விட்டுக்கொடுப்பதாகக் கைரேகை வைக்கிறாள். பிரதிபலன், ஒரு பட்டுப்புடவை. குடும்பத்துக்குள் விட்டுக்கொடுத்தால் முத்திரைத்தீர்வை ஒரு சதவீதம்தான் என்று அரசும் தன் பங்குக்குச் சீர் செய்கிறது. உண்மையாகவே மனமுவந்து கொடுத்த பெண்களும் உண்டு. முடியாது என்று சொல்லியிருந்தால் அடுத்த பொங்கலுக்கு அந்த வீட்டுக்குள் நுழைந்திருக்க முடியுமா என்று அவர்களைக் கேட்டுப் பாருங்கள்.

பத்திரம் பதிவானதும் அண்ணன் மதியச் சாப்பாட்டுக்குக் கூட நிற்க மாட்டார். வக்கீலைப் பார்க்க வேண்டும். மாமனார் போய்ச் சேர்ந்து ஆறு மாதமாகியும் மச்சினன் பாகம் பிரிக்காமல் இழுத்தடிக்கிறானாம். "என் பொண்டாட்டிக்குப் பிறப்புரிமை சார் அது! சுப்ரீம் கோர்ட்டே சொல்லிடுச்சு, விடுவேனா?"