செஞ்சிக்கு அவசரம்

புராணக் கணக்கில் பிரம்மாவின் ஒரு பகல் 432 கோடி ஆண்டு. அது முடிந்தால்தான் பிரளயம். பெருமாள் உலகத்தை விழுங்கி ஆலிலையில் படுத்துக்கொள்வார். மறுபடைப்பு சாவகாசமாக நடக்கும்.

செஞ்சிக் கோட்டைக்கு அவ்வளவு பொறுமை ஏது? 1677இல் சிவாஜி விழுங்கினார், 1698இல் முகலாயர், 1750இல் பிரெஞ்சுக்காரர், 1761இல் ஆங்கிலேயர். நடுவில் தேசிங்கு ராஜன் சில மாதம் ஆண்டு, 1714இல் ஆற்காட்டு நவாபோடு மோதி மாண்டார். "போருக்குப் போகாதே" என்ற தன் சொல்லைக் கேட்காததால் சிங்கவரம் ரங்கநாதர் முகத்தைத் திருப்பிக்கொண்டாராம். படுத்திருப்பவரால் வேறென்ன செய்ய முடியும்?

முறையாகச் சாப்பிட்டவர்கள் பிரெஞ்சுக்காரர்கள்தான். கோட்டையின் வெங்கட்ரமணர் கோயிலில் இருந்த நாயக்கர் காலக் கல்தூண்களைப் பெயர்த்துப் புதுச்சேரிக்குக் கொண்டுபோனார்கள். செஞ்சித் தூண்கள் இன்று கடற்கரையில் காந்தி சிலையைச் சுற்றி நிற்கின்றன. நாயக்கர் தூணுக்குக் காந்தியார் காவலில் மறுபிறவி என்று எந்தப் புராணிகரும் சொன்னதில்லை.

ஆகக் கடைசிப் படைப்பு 2025இல். மராட்டிய ராணுவ நிலப்பரப்பு என்று யுனெஸ்கோ 12 கோட்டைகளை உலக மரபுப் பட்டியலில் சேர்த்தது. 11 மகாராஷ்டிரத்தில், ஒன்று செஞ்சி. ஊர்க்காரரைக் கேட்டால் இன்னமும் "தேசிங்கு ராஜன் கோட்டை" என்றுதான் வழி காட்டுகிறார்.