சேலை கட்டிப் பாரு நைனா

வாடா நைனா, உக்காரு. அந்த மூணுகால் குச்சிய ஓரமா சாத்து, மாடு மெரளுது. காலையிலேர்ந்து ஏரிக்கரையில உன் மூஞ்சிய நீயே வீடியோ எடுத்துக்கிட்டு இருந்தியாமே? கேட்டா, "நான் யாருன்னு தேடறேன் தாத்தா"ங்கிற. ரேஷன் கார்டுல நாலாவது பேரு உன்னுதுதான், போய்ப் பாரு.

சரி, கோவிச்சுக்காத. தேடறது தப்பில்ல, தேடற எடந்தான் தப்பு. மே மாசம் ஏர்பேட்டுல பஸ் ஏறித் திருப்பதிக்குப் போ. தாத்தய்யகுண்டா கங்கம்மா ஜாத்தரை ஒரு வாரம் நடக்கும். மலைமேல இருக்கிற பெருமாளுக்குத் தங்கச்சி அவ. ஊர்ப் பொம்பளைங்களைக் கெடுத்துக்கிட்டிருந்த பாளையக்காரன், இவகிட்டயும் வாலாட்டப் போயி, இவ உக்கிரத்தைப் பாத்து ஓடி ஒளிஞ்சான். அவனைத் தேடி நாளுக்கொரு வேஷம் கட்டினா. நாமக்கட்டி பூசின பைராகி, குங்குமம் பூசி வாய்க்கு வந்தபடி திட்டுற பண்டவேஷம், கரி பூசின தோட்டி. எதுக்கும் அவன் தலை நீட்டல. கடைசியில தொரை வேஷம் போட்டா. பெரிய ஆளு வந்திருக்காருன்னு கும்பிட ஓடி வந்தான், தலை போச்சு. மறுநாள் அவளே மாதங்கியாப் போயி அவன் பொண்டாட்டிக்கு ஆறுதலும் சொன்னா. இதுல எதுடா அவ சொந்த மூஞ்சி?

நீ போன்ல காட்டினியே பெங்களூரு புஷ்பமாலா, அந்தம்மாவுக்கு இந்த சூட்சுமம் தெரியும். பரோடாவுல சிலை செய்யப் படிச்சவ, தன்னையே களிமண்ணாக்கிக்கிட்டா. 2000லேர்ந்து 2004 வரைக்கும், போட்டோ புடிக்கிற கிளேர் ஆர்னியோட சேந்து, தென்னிந்தியப் பொம்பளைங்க அத்தனை பேராவும் வேஷம் கட்டினா. ரவிவர்மா லட்சுமி, வேளாங்கண்ணி மாதா, சாட்டை புடிச்ச சினிமா ஜெயலலிதா, சங்கிலி அறுத்து மாட்டிக்கிட்டவ, எல்லாம் அவளேதான். சாமி காலண்டரும் சினிமாவும் போலீசும் பொம்பளைய எப்பிடி எப்பிடி நிக்க வைக்குதுன்னு தன் ஒடம்புலயே போட்டுப் பாத்துட்டா. நீ என்னாடான்னா, ஒரே சட்டையில நாப்பது வீடியோ எடுத்து வச்சிருக்க.

வீட்டைக் கட்டிப் பாரு, கல்யாணம் பண்ணிப் பாருன்னாங்க. சேலை கட்டிப் பாருன்னு நான் சொல்றேன். அந்த ஜாத்தரையில வேண்டுதலுக்கு ஆம்பளைங்க சேலை கட்டுவாங்க, ஒரு வருசம் நானும் கட்டினேன். எங்கம்மா சேலை, அத்தை ஒட்டியாணம், சவுரி, நாலு மொழம் மல்லி. கண்ணாடியில பாத்து நானே சொக்கிட்டேன். உங்க பாட்டி மட்டும் சிரிக்கல. இடுப்புல குடத்தை வச்சு, "பொம்பளைதானே, தண்ணி மொண்டுக்கிட்டு வா"ன்னுட்டா. மொதக் குடத்துக்குக் கொசுவம் கால்ல சிக்குச்சு. ரெண்டாவது, பாதித் தண்ணி தெருவுல. மூணாவது குடத்துலதான் நைனா, நான் யாருன்னு எனக்கே தெரிஞ்சுது. சுத்தச் சோம்பேறி.

இந்தா, பாட்டி சேலை. குடம் அந்த மூலையில இருக்கு. போனை இப்பிடிக் குடு, நான் எடுக்கறேன்.